மண்டபத் திறப்பு (சாவி) என்னட்டக் கிடக்கு, குடுக்கலாமோ? (ஊர்ப்பிரச்சினைதான், ஆனா ஊரோட நிக்காது)

முதிரையடி எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். கனகாலமா வாசிச்சுக்கொண்டு மட்டும் இருந்தனான், எழுதினதில்லை. இப்ப ஒரு சிக்கல், ஊருக்குள்ள ஆரோடயும் கதைக்கேலாது, கதைச்சா அடுத்தநாள் தேத்தண்ணிக் கடையில நிக்கும், அதால இஞ்ச எழுதிறன்.

எங்கட ஊர் மாங்குளத்துப் பக்கம், ஏ9 றோட்டில இருந்து உள்ளுக்குப் போகோணும், பேர் வேண்டாம். நான் ஆர்.டி.எஸ் (கிராம அபிவிருத்திச் சங்கம்) செயலாளர். பொதுநோக்கு மண்டபத் திறப்பு என்னட்டத்தான் இருக்கு. மண்டபம் எண்டாப் பெரிசா நினையாதேங்கோ, தகரக்கூரை, அறுபது கதிரை, ஒரு ஃபான் சுத்தும் மற்றது சத்தம் மட்டும் போடும். வாடகைக் கொப்பி ஒண்டு இருக்கு, திகதி, பேர், காரணம், காசு எண்டு நாலு கோடு அடிச்சு வச்சிருக்கிறன். சாமத்தியவீடு, மாட்டுக்கு ஊசி போடுற கூட்டம், தேர்தல் கூட்டம் எல்லாம் அதில எழுதித்தான் குடுக்கிறது.

போன கிழமை ஒரு அக்கா வந்தா. அவவின்ர தமையன் 86இல மற்ற இயக்கமொண்டில இருந்தவர், வயசு 19, தமிழ் இயக்கங்கள் தங்களுக்குள்ள அடிபட்ட நேரம் எங்கட இயக்கம் கொலை செய்துபோட்டுது. உடம்பும் குடுக்கேல்ல. செத்தவீடும் செய்ய விடேல்ல, அழுதாக் கூடக் கதவைச் சாத்திப்போட்டுத்தான் அழுதவையாம். தாய் அந்தப் படத்தை றங்குப்பெட்டிக்குள்ள சீலைக்குக் கீழ வச்சிருந்து போன வருசம் அவவும் மோசம் போட்டா. வாற மாசம் நாற்பது வருசமாம். மண்டபத்தில ஒரு பின்னேரம் படத்தை வச்சு மாலை போட்டு ஒரு தேத்தண்ணி குடுக்கோணும், பேச்சு ஒண்டும் இல்லை, அவ்வளவுதான் எண்டா.

இதில முக்கியமான விசயம், இவ 2009இல கடைசிச் சண்டைக்குள்ள மாத்தளன் வரைக்கும் போய் வந்தவ. மகளை முள்ளிவாய்க்காலில விட்டிட்டுத்தான் மெனிக் பாம் முகாமுக்கு வந்தவ. ஒவ்வொரு மே 18உம் அங்க சுட்டி கொளுத்திறவ, எங்களோட ஒரே பஸ்ஸில வாறவ. அந்த ஓட்டத்திலயும் தமையன்ர படத்தைச் சொப்பிங் பையில சுத்தி நெஞ்சுக்குள்ள வச்சுக் கொண்டுவந்தவவாம். எனக்கு இது தெரியாது. பதினைஞ்சு வருசமா ஒரே ஊர்.

கமிட்டியில ஒன்பது பேர். ஆறு பேர் வேண்டாம் எண்டினம். "துரோகிக்கு எங்கட மண்டபத்தில மாலையோ" எண்டு ஒராள் மேசையில அடிச்சவர். தலைவர் "செயலாளரிட்டத்தானே திறப்பு, அவர் பாத்துச் செய்யட்டும்" எண்டு போட்டு எழும்பிப் போட்டார்.

நானும் சும்மா ஆள் இல்லை. என்ர சித்தப்பாவை வவுனியாவில 90களின்ர கடைசியில ஆமியோட நிண்ட ஒரு குழு வானில ஏத்தினது. திரும்பி வரேல்ல. அந்தக் குழு அந்த அக்காவின்ர தமையன் இருந்த இயக்கத்தின்ர பேரைச் சொல்லித் திரிஞ்சதுதான். அவன் 86இலயே செத்திட்டான், இதுக்கும் அவனுக்கும் சம்பந்தமில்லை எண்டு புத்திக்கு விளங்குது, வயித்துக்கு விளங்கேல்ல. சொல்லுங்கோ, திறப்பைக் குடுக்கலாமோ?

மட்டுறுத்துனர் எழுதியது:

இழை திறந்திருக்கு. உங்கட சொந்தச் சம்பவத்தில ஆக்களின்ர பேர், குழுவின்ர பேர் எழுதவேண்டாம். வரலாறு எழுதுறதெண்டாப் பேரோட எழுதுங்கோ. தூசணம் கண்டா அழிப்பன்.

கண்டாவளையான் எழுதியது:

செயலாளர் அண்ணை, குடுக்காதேங்கோ. நேரா சொல்லுறன். எங்களுக்கு எங்கட பெடியளுக்கு ஒரு விளக்குக் கொளுத்தவே இன்னும் பயந்து பயந்துதான். கனகபுரத்திலயும் விசுவமடுவிலயும் துயிலுமில்லத்தைப் புல்டோசர் விட்டுத் தட்டினது ஆர்? கல்லறைத் துண்டுகளைப் பொறுக்கிக் குவிச்சு வச்சுத்தான் இண்டைக்கும் கும்பிடுறம். கிளிநொச்சி ரவுணுக்குள்ள கொங்கிரீட் கட்டைக்குள்ள செல் குத்தி மேல தாமரை பூக்கிற மாதிரி அவை கட்டி வச்சிருக்கினம், அதுக்கு ஆரிட்ட அனுமதி கேட்டவை. முதல் எங்கட உரிமை வரட்டும், பிறகு மற்றவைக்குப் பாப்பம்.

இன்னொண்டு. சிங்கள ஜே.வி.பி. கட்சி கார்த்திகை 13இல தங்கட செத்த தலைவர் றோகண விஜேவீரவின்ர படத்தை வச்சுக் கொழும்பில பகிரங்கமாத் தினம் கொண்டாடுது. 71இலயும் 87-89இலயும் ஆயுதம் தூக்கின ஆக்கள், அவைக்குப் பி.ரி.ஏ. (பயங்கரவாதத் தடைச்சட்டம்) இல்லை, இப்ப சனாதிபதியும் அவையின்ர ஆள். ரெண்டு கிழமை கழிச்சு 27ஆம் திகதி மாவீரர் நாளுக்கு நாங்கள் படம் வச்சா விசாரணை. நல்லிணக்கம் எண்டா என்ன எண்டு எங்களுக்குத் தெரியும், ஆமிக் காம்பில பொங்கல் பொங்கிப் படமெடுக்கிறது.

பெல்பாஸ்ட்_பனங்கொட்டை எழுதியது:

கண்டாவளையான் தம்பி, நீர் சொல்லுற ஜே.வி.பி. விசயம் சரி, நூற்றுக்கு நூறு. ஆனா அதையே திருப்பிப் போட்டுப் பாரும். அரசாங்கம் உம்மட்டச் சொல்லுறதும் இதே வசனம்தானே, "முதல் எங்கட வீரருக்கு, பிறகு பாப்பம்".

நான் இருபது வருசத்துக்கு மேல வட அயர்லாந்துப் பெல்பாஸ்டில, வயோதிபர் இல்லத்தில வேலை. இஞ்ச ஒரு விசயம் நடந்தது, செயலாளர் தம்பி அறியோணும். 1972 மார்கழியில ஜீன் மக்கொன்வில் எண்ட ஒரு மனுசி, பத்துப் பிள்ளையளின்ர தாய், வீட்டில இருந்து கூட்டிக்கொண்டு போட்டினம். கூட்டிக்கொண்டு போனது பிரிட்டிஷ் ஆமி இல்லை, ஐ.ஆர்.ஏ., அதாவது தன்ர சனத்தின்ர இயக்கம். காட்டிக்குடுத்தவ எண்டு குற்றச்சாட்டு. சுட்டுப் புதைச்சுப்போட்டு, ஓடிப்போட்டா எண்டு ஊருக்குள்ள கதை விட்டவை. பிள்ளையளை ஒவ்வொரு இல்லத்தில பிரிச்சுப் போட்டது. 1999இலதான் ஐ.ஆர்.ஏ. ஒத்துக்கொண்டது. உடம்பு 2003இல ஒரு கடற்கரையில கிடைச்சது. இப்பிடிக் காணாமப் போனவையைத் தேட பிரிட்டிஷ், ஐரிஷ் ரெண்டு அரசாங்கமும் சேர்ந்து 1999இல ஒரு ஆணைக்குழு வச்சினம். இடத்தைச் சொல்லுறவன்ர தகவலை வழக்குக்குப் பாவிக்கேலாது எண்டு சட்டம், சொன்னாக் காணும் எலும்பாவது வரட்டும் எண்டு. பெரும்பாலான ஆக்களின்ர எலும்பை எடுத்தும் போட்டினம்.

கண்டிரோ, அதே சனம்தான் இஞ்ச டெரி நகரத்தில 1972 தை 30இல பிரிட்டிஷ் ஆமி சுட்ட சனத்துக்காகவும் முப்பத்தெட்டு வருசம் நிண்டது. சுட்டு ரெண்டு மூண்டு மாசத்திலயே முதல் விசாரணை ஆமியை வெள்ளையடிச்சு விட்டது. பிறகு 98இல திருப்பி விசாரணை தொடங்கி 2010 ஆனியில அறிக்கை வந்து, பிரதமர் கமரன் பாராளுமன்றத்தில எழும்பி மன்னிப்புக் கேட்டவர். அரசாங்கத்திட்ட உண்மை கேக்கிறதும் தன்ர இயக்கத்திட்ட உண்மை கேக்கிறதும் ஒண்டுக்கொண்டு எதிரில்லை.

இஞ்ச எல்லாம் நல்லா வந்திட்டுது எண்டு நினையாதேங்கோ. கத்தோலிக்க, புரட்டஸ்தாந்து ரெண்டு பக்கத்துச் சனத்துக்கும் நடுவில மதில் இன்னும் நிக்குது, சில படலையளை ராவில பூட்டுறவை. என்ர பஸ் அந்த மதிலைச் சுத்தித்தான் வேலைக்குப் போகுது.

கண்டாவளையான் எழுதியது:

பெல்பாஸ்டில இருந்து சொல்லுறது லேசு அண்ணை. இஞ்ச நாளைக்கு அந்தப் படத்தை வச்சவுடன சி.ஐ.டி.காரன் வந்து படமெடுத்து "பாருங்கோ தமிழருக்குள்ளயே இயக்கத்துக்கு எதிர்ப்பு" எண்டு கொண்டுபோவான். ஜெனீவாவில ஐ.நா.வுக்கு முன்னால விரிப்பான். அதை யோசிச்சனீங்களோ?

இரணைமடு_ரீச்சர் எழுதியது:

கண்டாவளையான் சொல்லுற பயம் உண்மையான பயம், நக்கலடிக்கிற விசயமில்லை. எங்கட அழிவை மறைக்க உள்வீட்டுக் கொலையைத் தூக்கிக் காட்டுற ஆக்கள் கொழும்பில கனபேர். ஆனா அந்தப் பயத்துக்காக நாங்கள் பொத்திப் பொத்தி வச்சா, அவன் கண்டெடுக்கிறதுக்கு நாங்களே புதைச்சுக் குடுக்கிறம்.

தென்னாபிரிக்காவைப் பற்றி எல்லாரும் மண்டேலா, கைகுலுக்கல், அதோட முடிச்சுப்போடுவினம். எனக்கு அதில முக்கியமாப் பட்டது வேற ரெண்டு. ஒண்டு, டெஸ்மண்ட் டூட்டுவின்ர உண்மைக்கும் நல்லிணக்கத்துக்குமான ஆணைக்குழு வெள்ளை அரசாங்கத்தின்ர கொலையளை மட்டும் எழுதேல்ல. மண்டேலாவின்ர ஏ.என்.சி. இயக்கம் அங்கோலாவில தன்ர காம்புகளுக்குள்ள தன்ர பெடியளையே உளவாளி எண்டு அடைச்சு அடிச்சதையும் எழுதினது. 1998 ஐப்பசியில அறிக்கை வர முதல், ஆட்சியில இருந்த ஏ.என்.சி.யே கோட்டுக்குப் போய் மறிக்கப் பாத்தது. நீதிபதி விடேல்ல. மண்டேலா அந்த அறிக்கையை அப்பிடியே கையில வாங்கினவர். நியாயமான போராட்டம் எண்டுறதும் அதுக்குள்ள நடந்த அநியாயமும் ஒரே கொப்பியில எழுதுப்பட்டது.

மற்றது, நேட்டால், க்வாசூலு எண்ட இடங்களில ஏ.என்.சி.க்கும் இன்காதா எண்ட மற்றக் கட்சிக்கும் நடந்தது. ரெண்டு பக்கமும் கறுப்புச் சனம். ஆயிரக்கணக்கில வெட்டிக்கொண்டு செத்ததுகள், இன்காதாவுக்கு ஆயுதமும் பயிற்சியும் வெள்ளை அரசாங்கம் குடுத்தது பிறகு வெளியில வந்தது. எங்கட கதை மாதிரி இல்லையோ? ஒரு ஊருக்குள்ள மற்றக் கட்சிக்காரன் நோட்டிஸ் ஒட்டேலாது. அந்த இன்காதாத் தலைவர் புத்தலேசியைத்தான் 94இல மண்டேலா உள்துறை மந்திரியாக்கினவர், வெளிநாடு போகேக்க பதில் சனாதிபதியாவும் விட்டிட்டுப் போனவர். பிடிச்சுச் செய்திருப்பார் எண்டு நான் நம்பேல்ல.

எல்லாம் தேன் எண்டும் சொல்லமாட்டன். பொதுமன்னிப்புக் கேட்டு 7,000க்கு மேல விண்ணப்பம் வந்து 849 பேருக்குத்தான் குடுத்தது, குடுக்காதவனில கன பேருக்கு வழக்கும் போடேல்ல. பொலிஸ் காவலில செத்த போராளி ஸ்டீவ் பிக்கோவின்ர குடும்பம் இந்த மன்னிப்பே வேண்டாம், எங்களுக்கு வழக்குத்தான் வேணும் எண்டு கோட்டுக்குப் போய்த் தோத்தது. பாதிக்கப்பட்டவைக்கு ஒரு தடவை முப்பதாயிரம் றாண்ட், அதோட சரி. இஞ்ச காணாமப் போனவையின்ர அம்மாமாருக்கு அரசாங்கம் ரெண்டு லட்சம் ரூபா நீட்டினது தானே, கிளிநொச்சி கந்தசாமி கோயிலடியில 2017 மாசி 20இல இருந்து இருக்கிற அம்மாமார் "உங்கட காசு வேண்டாம், பிள்ளை எங்க" எண்டதுகள். நான் பள்ளிக்கூடம் விட்டு அந்தப் பந்தலடியாலதான் சைக்கிளில வாறனான். ஒட்டின படங்கள் வெயிலுக்கு வெளிறிப் போச்சு. முதல் முகம் போகுது, பிறகுதான் சட்டை. ஏன் எண்டு தெரியாது.

தண்ணீரூற்றான் எழுதியது:

அஸ்ஸலாமு அலைக்கும், வணக்கம். எழுதுறதா விடுறதா எண்டு ரெண்டு நாள் யோசிச்சன்.

நான் பிறந்தது முல்லைத்தீவு தண்ணீரூற்று, வளர்ந்தது புத்தளம் அகதி முகாமில ஓலைக் கொட்டிலுக்குள்ள. 1990 ஐப்பசியில வடக்கில இருந்த முஸ்லிம் சனம் முழுக்க, 75,000 பேர் அளவில, இயக்கம் (புலிகள்) போகச் சொல்லி வெளிக்கிட்டது. எனக்கு ஆறு வயசு. வாப்பா கிணத்துக் கப்பியைக் கழட்டிக்கொண்டு வந்தவர், ஏன் அதைக் கொண்டுவந்தார் எண்டு கடைசி வரைக்கும் அவருக்கே தெரியாது. திரும்பி வந்து காணி துப்புரவாக்கினா, இருபது வருசத்தில வளர்ந்த மரத்தைக் காட்டி "காடழிக்கினம்" எண்டுதுகள்.

2002 சித்திரையில கிளிநொச்சிப் பத்திரிகையாளர் மாநாட்டில இயக்கத்தின்ர அரசியல் ஆலோசகர் அன்ரன் பாலசிங்கம் எங்களை அனுப்பினதுக்கு மன்னிப்புக் கேட்டவர். வாப்பா ரேடியோவில கேட்டுப்போட்டு ஒண்டும் சொல்லேல்ல, போய் அந்தக் கப்பிக்கு எண்ணெய் போட்டார். அந்தச் சொல் எங்களுக்குப் பெரிசு, ஆனா இன்னும் சில தமிழ்ச் சகோதரர் "அது அப்ப தேவைப்பட்டது" எண்டு கதைக்கேக்க, சொன்ன ஆளே பிழை எண்டு ஒத்துக்கொண்டதை நீங்கள் ஏன் தூக்கிப் பிடிக்கிறீங்கள் எண்டு கேக்கத் தோணும். எங்கட ஆக்களும் சும்மா இல்லை, கிழக்கில தமிழ்ச் சனத்துக்கு ஊர்காவல் படையோட நிண்டு செய்ததை எங்கட பள்ளிக்குள்ள ஒருத்தரும் கதைக்கிறதில்லை. செயலாளர் காக்கா, திறப்பைக் குடுங்க.

தேத்தண்ணி எழுதியது:

இப்பிடிக் கதை வந்தா எல்லாரும் சொல்லுற இந்த சகிப்புத்தன்மைங்கிற சொல்லே எனக்குப் புடிக்காது, எண்டு எழுதோணும், பாருங்க வீட்டுப் பாஷையும் ஊர்ப் பாஷையும் கலந்து வருது. அப்பா 77 கலவரத்துக்குப் பிறகு மலைநாட்டுத் தோட்டத்தை விட்டு வந்து இஞ்ச காடு வெட்டினவர். நாங்க இயக்கத்துக்குப் பிள்ளை குடுத்தம், முள்ளிவாய்க்கால்ல செத்தம், காணிக்குப் பேமிற் கேட்டா மட்டும் "வடக்கத்தியான்". நாத்தத்தைச் சகிக்கிற மாதிரி எங்களைச் சகிக்கிறாங்க. அந்தச் சகிப்பு எனக்கு வேணாம்.

இரணைமடு_ரீச்சர் எழுதியது:

தேத்தண்ணி தம்பி, சொல்லில நீங்கள் சொல்லுறது சரி. ஆனா அந்தச் சொல்லுக்குக் குறைஞ்ச அளவு ஒண்டு இருக்கு. இதை அளக்கிற ஆராய்ச்சிக்காரர் ஒரு கேள்வி வச்சிருக்கினம். முதல் உங்களுக்கு ஆகக் கூடப் பிடிக்காத கூட்டம் எது எண்டு நீங்களே சொல்லோணும். பிறகு, அவை உங்கட ஊரில கூட்டம் வைக்கலாமோ, பேசலாமோ, தேர்தலில நிக்கலாமோ எண்டு கேப்பினம். பிடிச்சவைக்கு ஓம் எண்டா மார்க்ஸ் இல்லை. தென்னாபிரிக்காவிலயும் இப்பிடிக் கேட்டுப் பாத்தவை, கறுப்பு வெள்ளை எண்டில்லாமல் கனபேர் கூட்டத்துக்கு விடமாட்டம் எண்டுதான் சொன்னவை, அவ்வளவு ஆணைக்குழுவுக்குப் பிறகும். செயலாளரிட்ட அந்த அக்கா கேட்டது அந்தக் கேள்விதான், கொப்பியோட வந்து கேட்டிருக்கிறா.

காணிப் பேமிற் வேற கதை, அது சகிப்பில்லை நியாயம். அதுக்கு நீங்கள் ஒரு இழை திறக்கோணும், நான் வாறன்.

கண்டாவளையான் எழுதியது:

ரீச்சர், வகுப்பு முடிஞ்சுதோ 🙂 சரி ஒண்டு கேக்கிறன். டெலோ எண்ட இயக்கத்தின்ர தலைவர் சிறீ சபாரத்தினத்தை 86 வைகாசியில புலிகள் சுட்டது. 2001இல தமிழ்த் தேசியக் கூட்டமைப்பு தொடங்கேக்க அதே டெலோ, ஈ.பி.ஆர்.எல்.எஃப்., தமிழர் விடுதலைக் கூட்டணி எல்லாம் வந்து இயக்கத்தோட ஒரே மேசையில இருந்தது. அப்ப ஒருத்தரும் உண்மை ஆணைக்குழு வைக்கேல்ல, படம் வைக்கேல்ல, வாயை மூடிக்கொண்டு இருந்து வேலையைப் பாத்தவை. அதுவும் ஒரு வழிதானே? ஏன் இப்பக் கிண்டோணும்?

பெல்பாஸ்ட்_பனங்கொட்டை எழுதியது:

மேசையில இருந்தவை தலைவர்மார் தம்பி. அவைக்குச் சீற் கிடைச்சது. இந்த அக்காவுக்கு என்ன கிடைச்சது, றங்குப்பெட்டி.

முதிரையடி எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. ஒரு விசயம் சொல்லோணும், எழுதாமல் விட்டிட்டன். நேற்று அக்காவின்ர வீட்டை போனனான், முடிவு சொல்ல இல்லை, சும்மா. படத்தைக் காட்டினா. நான் தாடியும் துவக்குமா ஒரு ஆளை நினைச்சுப் போனனான். வெள்ளை அரைக்கைச் சட்டை, நெஞ்சுப் பொக்கற்றில ரெண்டு பேனை, ஓ.எல். அடையாள அட்டைக்கு எடுத்த படமாம். ஒரு காது மற்றதை விடக் கொஞ்சம் வெளிய நிக்குது. அக்கா சொன்னா, "நீ வரவேண்டாம் தம்பி, உன்ர சித்தப்பாவின்ர விசயம் எனக்குத் தெரியும், அந்த நேரம் உங்கட வீட்டை வர எனக்கு முகமில்லாமல் இருந்தது" எண்டு. நான் ஒண்டும் சொல்லேல்ல. தண்ணி குடிச்சிட்டு வந்திட்டன்.

முல்லைத்தீவுக் கொக்குத்தொடுவாயில தண்ணிக் குழாய் புதைக்கக் கிண்டேக்க எலும்பு வந்து, பிறகு 52 பேரின்ரயை எடுத்தவை தெரியும்தானே. அப்ப நாங்கள் எல்லாரும் ஒண்டாத்தான் சொன்னம், ஆரெண்டு கண்டுபிடி, குடும்பத்திட்டக் குடு எண்டு. நானும் பதாகை பிடிச்சனான். நேற்று வீட்டை வரேக்க மோட்டச்சைக்கிளில அதுதான் ஓடிக்கொண்டிருந்தது.

குடுக்கப்போறன். கமிட்டிக்குக் கடிதமாச் சொல்லுறன், விரும்பினா என்னை மாத்தட்டும்.

கண்டாவளையான் எழுதியது:

எனக்கு உடன்பாடில்லை, எழுதி வையுங்கோ. நான் எண்டா வரமாட்டன், அந்தப் பக்கமே பாக்கமாட்டன். ஆனா பெடியள் ஆரும் ஸ்பீக்கர் வயரை வெட்டுறது கல்லெறியிறது எண்டு வெளிக்கிட்டா எனக்குப் போன் அடியுங்கோ, உங்கட பக்கம் எனக்குத் தெரிஞ்ச ரெண்டு பேர் இருக்கினம்.

தண்ணீரூற்றான் எழுதியது:

இதுக்கு மேல என்ன வேணும் 😄

கண்டாவளையான் எழுதியது:

காக்கா, சிரிக்கவேண்டாம். கோவம் குறையேல்ல.

முதிரையடி எழுதியது:

(அஞ்சு கிழமை கழிச்சு)

கேட்டிருந்தனீங்கள், அதால எழுதுறன். முடிஞ்சுது. பதினாலு பேர் வந்தவை, அதில கமிட்டி ஆக்கள் ரெண்டு, ஒராள் மேசையில அடிச்ச அதே ஆள், கடைசிக் கதிரையில குந்திக்கொண்டு ஒண்டும் கதைக்காமல் இருந்திட்டுத் தேத்தண்ணி குடியாமல் போட்டார். ஏன் வந்தவர் எண்டு இன்னும் கேக்கேல்ல. தெரியாத ஒருத்தன் மோட்டச்சைக்கிளில வந்து வாசலில நிண்டு போனில படமெடுத்தவன், ஆர் எண்டு விளங்கும்தானே. கல் ஒண்டும் விழேல்ல. நடுவில கரன்ட் போய் அரை மணித்தியாலம் விளக்கு வெளிச்சத்தில இருந்தவை. நான் உள்ளுக்குப் போகேல்ல. வெளிய மாமரத்தடியில நிண்டு, பூட்டுறதுக்காகப் பாத்துக்கொண்டிருந்தனான்.

கொப்பியில ஒரு சிக்கல் வந்தது. திகதி எழுதினன், அக்காவின்ர பேர் எழுதினன், காரணம் எண்ட கோட்டில என்ன எழுதுறது எண்டு பேனையோட நிண்டன். நினைவஞ்சலி எண்டு எழுதினா ஆருக்கு எண்டு கேப்பினம், குடும்ப நிகழ்வு எண்டாப் பொய். அக்காவிட்டயே கொப்பியைக் குடுத்தன். அவ "அண்ணா" எண்டு மட்டும் எழுதிக் கையெழுத்து வச்சா.

கண்டாவளையான் எழுதியது:

காசு வாங்கினனீங்களோ?

முதிரையடி எழுதியது:

ஓம், 1500. எல்லாருக்கும் அதே றேற்தான். மற்ற ஃபானைத் திருத்தோணும்.